உப்புக் குறைந்த கடலிலும் வரும் மட்டி

ராட்டர்டாம்

அன்புள்ள சேகர்,

உன் கடிதமும் மரத்துண்டின் படங்களும் கிடைத்தன. வீட்டில் எல்லோரும் சுகம் என்று அறிந்து மகிழ்ச்சி. இங்கேயும் அப்படியே. முட்டிவலியை மட்டும் ஒரே வரியில் தாண்டிவிட்டாய், அடுத்த கடிதத்தில் அதை விரிவாக எழுது. இப்போது உன் கரையரிப்புத் தடுப்பு வரிசையின் மரத்தூண் விஷயத்துக்கு, அதைத் துளைத்தது எது என்ற கேள்விக்கு வருகிறேன்.

"பால்டிக்கில் உப்பு கம்மி, அதனால் இது கப்பல் புழுவாக இருக்காது" என்று எழுதியிருக்கிறாய். மரத்தைத் துளைத்துக் குடியிருக்கும் அந்தக் கப்பல் புழுவேதான். வெட்டிய முகத்தில் சுண்ணாம்பு அடித்தாற்போல உள்பூச்சோடு வட்ட வட்டமாகத் தெரிகிறதே, அது போதும் அடையாளத்துக்கு. ஜெர்மனியில் நீ இருக்கும் வார்னமுண்டே பக்கம் கடல்நீரில் லிட்டருக்கு 10 முதல் 14 கிராம் உப்பு இருக்கிறது. டெரிடோ நவாலிஸ் என்ற இந்தக் கப்பல் புழு இனம் குஞ்சு பொரிக்க 8, 9 கிராம் இருந்தால் போதும், வெறுமே உயிரைப் பிடித்துக்கொண்டிருக்க 5 போதும். உங்கள் மெக்லன்பர்க் கரையில் 1930களிலும் 50களிலும் தலைகாட்டிவிட்டுப் போன இந்த ஜீவன், 1993 முதல் நிரந்தரமாகக் குடியேறிவிட்டது. அதன் கிழக்கு எல்லை ஏறக்குறைய ருயூகன் தீவு. அதற்கு அப்பால்தான் நீ சொல்லும் 'உப்பு கம்மி' உண்மையாகிறது. 1628-ல் ஸ்டாக்ஹோமில் மூழ்கிய வாசா கப்பல் 333 வருஷம் கழித்து முழுசாக மேலே வந்ததற்கு முக்கியக் காரணம் அதுதான்.

இந்தக் கணக்கில் ஏமாந்த பெரிய ஊர் சான் பிரான்சிஸ்கோ. அங்கே பாங்கியா என்ற உள்ளூர்க் கப்பல் புழு ஏற்கெனவே உண்டு. ஆனால் அதற்கு நல்ல உப்புத் தண்ணீர் வேண்டும், ஆற்றுநீர் கலக்கும் வட விரிகுடாவை எட்டிப் பார்க்காது. அந்தத் தைரியத்தில் அங்கே படகுத்துறை கட்டியவர்கள் மருந்தேற்றாத பச்சை மரத்தையே நட்டார்கள். 1910களில் டெரிடோ வந்து சேர்ந்தது. கூடவே மழை பொய்த்த வருஷங்கள் வந்தன, ஆற்று வரத்து குறைந்து உப்பு மேலே ஏறியது. 1919 முதல் 1921 வரை துறைகள், கிடங்குகள், படகுத்தளங்கள் என்று ஒவ்வொன்றாகத் தண்ணீரில் சரிந்தன. பெனிசியா துறை 1920-ல் விழுந்தது. முந்தின நாள்வரை அந்தத் தூண்கள் வெளிப்பார்வைக்குக் கெட்டியாகத்தான் நின்றிருக்கும்.

ஏன் என்று கேட்டால், புழு என்று பெயர் வைத்ததிலேயே கோளாறு. இது மட்டி. 1733-லேயே செல்லியுஸ் என்பவர் அறுத்துப் பார்த்து அப்படித்தான் எழுதினார். நாம் தின்கிற மட்டிக்கு ஓட்டுக்குள் உடம்பு. இதற்கோ ஓடு தலைமாட்டில் இரண்டு சிறு வில்லைகளாகச் சுருங்கிவிட்டது, பெரும்பாலும் ஒரு சென்டிமீட்டர்கூட வராது. பின்னால் 20, 30 சென்டிமீட்டருக்கு வெறும் உடம்பு. ஓட்டின் முகத்தில் அரம்போல் வரிவரியாகப் பற்கள். தன் காலை மரத்தில் உறிஞ்சிப் பிடித்துக்கொண்டு, முன் தசையையும் பின் தசையையும் மாற்றி மாற்றிச் சுருக்கி, நிமிடத்துக்குப் பத்துத் தடவை வாக்கில் ராவுகிறது. ராவிக்கொண்டே உடம்பைச் சற்றுச் சற்றுத் திருப்புவதால் துளை அச்சு வார்த்தாற்போல் வட்டமாக அமைகிறது. துளைத்த இடத்தில் பின்னாலேயே சுண்ணாம்புப் பூச்சும் போட்டுக்கொண்டு போகிறது. 1818-ல் மார்க் பிரூனல் என்ற பொறியாளர், தோண்டும்போது மண் சரியாமல் தாங்கும் சுரங்கக் கவசத்துக்குக் காப்புரிமை வாங்கியபோது இதைப் பார்த்துத்தான் யோசனை பிறந்தது என்பார்கள். அவர் அந்த முறையில் தேம்ஸ் ஆற்றுக்கு அடியில் சுரங்கம் போட்டு முடிக்க 1843 ஆயிற்று. மட்டி கூலி கேட்காமல் செய்கிறது!

ராவிய தூள் வயிற்றுக்குள்தான் போகிறது. ஆனால் செல்லுலோஸைக் கரைக்கும் நொதிகளில் பலவற்றைத் தருவது செவுளில் வாழும் பாக்டீரியா. அவற்றுள் நன்றாக ஆராயப்பட்டது டெரிடினிபாக்டர் டர்னரே. கப்பல் புழு இனங்களை வகைப்படுத்தி 1966-ல் பெரிய நூல் எழுதிய ரூத் டர்னரின் பெயர் அதற்கு. மரத்தில் நைட்ரஜன் அற்பம், அதையும் இந்தப் பாக்டீரியாவே தண்ணீரில் கரைந்த நைட்ரஜனிலிருந்து பிடித்துத் தருகிறது. சமையல் செவுளில், சாப்பாடு வயிற்றில்!

பரவும் விதத்தைக் கவனி. முட்டை தாயின் செவுளறையிலேயே பொரிந்து, நீந்தும் பருவத்தில் வெளியே வருகிறது. பிறகு இரண்டு மூன்று வாரம் நீரோட்டத்தில் மிதக்கும். அந்தக் குஞ்சின் அளவு கால் மில்லிமீட்டர். மரம் கிடைத்ததும் நகர்ந்து இடம் பார்த்துத் துளைத்து உள்ளே போய்விடும். நுழைந்த துளை கடைசிவரை குண்டூசித் தலை அளவுதான், உள்ளேதான் அது பெருக்கிறது. தண்ணீர் 15 டிகிரியைத் தாண்டினால் இனப்பெருக்கம் சுறுசுறுப்பாகும், ஆகவே உங்கள் கரையில் ஆபத்துக் காலம் கோடையும் அதை ஒட்டிய இலையுதிர் காலமும். மிதக்கும் குஞ்சு எத்தனை தூரம் போகும் என்று பயப்படுவதைவிட, மரக்கட்டை எங்கெல்லாம் மிதந்து போகிறது, எந்தப் பழைய படகு எந்தத் துறைக்கு இழுத்துவரப்படுகிறது என்று பார்ப்பது மேல். உலகம் முழுக்க இது போய்ச் சேர்ந்தது மரக்கப்பலின் வயிற்றில்தான்.

அடுத்து, கதவு. வால்புறத்தில் இரண்டு நீர்க்குழல்களை வெளியே நீட்டி மூச்சுவிடுகிறது. ஏதாவது தொந்தரவு என்றால் குழல்களை உள்ளே இழுத்துக்கொண்டு, துடுப்புப் போன்ற இரண்டு சுண்ணாம்புத் தட்டுகளால் வாசலை அடைத்துவிடும். உடம்பில் சேமித்து வைத்த கிளைக்கோஜன் என்ற மாவுச்சத்தை வைத்து ஆறு வாரம்வரை அப்படியே கிடக்கும். பழைய காலத்து மாலுமிகள் கப்பலை ஆற்றுக்குள் கொண்டுபோய் நல்ல தண்ணீரில் நிறுத்துவார்கள். ஒரு வாரம் நிறுத்திவிட்டுக் கிளம்பினால் மட்டிக்கு ஓய்வு, அவ்வளவுதான். நம்ம ஊர்க் கட்டுமரத்தில் இந்தச் சங்கடம் குறைவு. வேலை முடிந்ததும் கரையேற்றி, கட்டவிழ்த்து, கட்டைகளை வெயிலில் காயப்போடுவார்கள். தண்ணீர் குடித்துக் கனக்கக் கூடாது என்பதற்கான வழக்கம் அது, ஆனால் கால் மில்லிமீட்டர்க் குஞ்சுக்கும் அதில் பிழைப்பில்லை.

நான் இருக்கும் இந்த நெதர்லாந்தில் 1731-ல் கடல் அணைகளின் மரத்தூண்கள் முறிந்து விழுந்தன. தெய்வ தண்டனை என்று பிரார்த்தனை நாள் அறிவித்தார்கள். அகலத் தலை ஆணிகளை நெருக்கி அடித்து, துரு பரவி ஓடு கட்டட்டும் என்றும் பார்த்தார்கள். மதகுக் கதவுக்கு அது ஓரளவு உதவும், மைல்கணக்கான அணைக்கு யார் ஆணி அடிப்பது? கடைசியில் செங்குத்து மரச்சுவரை விட்டுவிட்டு, சரிவாகக் கல் பாவினார்கள். கல்லுக்கு நார்வேவரை போனார்கள். உள்ளூர்ப் பாறைகளும் விலை பேசப்பட்டதால் டிரென்ட்டே மாநிலம் 1734-ல் பழங்காலக் கல்லறைப் பாறைகளை எடுக்கக் கூடாது என்று ஆணையிட வேண்டியதாயிற்று. தொல்சின்னப் பாதுகாப்புச் சட்டங்களில் மிக முந்தியவற்றுள் ஒன்று ஒரு மட்டியால் வந்தது.

சரி, நீ செய்ய வேண்டியது. தூணைத் தட்டிப் பார்த்து முடிவு சொல்லாதே. நனைந்த மரம் பாதி தின்னப்பட்டிருந்தாலும் ஓசை ஏமாற்றும். வெளியிலிருந்து அரித்து இடுப்பை மெலியவைப்பது லிம்னோரியா என்ற, இறால் வகையைச் சேர்ந்த சிறு பிராணி, அந்த அரிப்பைக் கண்ணால் பார்க்கலாம். டெரிடோவுக்குச் சோதனைப் பலகை வேண்டும். ஐரோப்பிய நெறி ஈஎன் 275 சொல்கிற அளவு 200, 75, 25 மில்லிமீட்டர். முடிச்சில்லாத பைன் மரம் எடு. மே கடைசியில், நீர்மட்டம் எவ்வளவு இறங்கினாலும் வெளியே தெரியாத ஆழத்தில் கட்டு. இரும்பு, செம்புக் கம்பி வேண்டாம், பிளாஸ்டிக் கயிறு போதும். அக்டோபரில் எடுத்து, மேலே ஒட்டியதை மழுங்கின கத்தியால் சுரண்டி, எக்ஸ்ரே எடுக்கச் சொல். சுண்ணாம்புப் பூச்சு படத்தில் வெள்ளைக் கோடுகளாக விழும், எண்ணிவிடலாம்.

இனம் எது என்று உறுதிசெய்ய மட்டியின் ஓடுகளைப் பார்த்துப் பயனில்லை, கதவுத் தட்டுகள் வேண்டும். பலகையை நார் ஓட்டத்தில் உளியால் பிள. துளைகளும் பெரும்பாலும் நாரோடுதான் ஓடும், எனவே உடம்பு முழுசாகக் கிடைக்கும். குறுக்கே அறுத்தால் துண்டுகள்தான் மிஞ்சும். வாசல் முனையில் தட்டுகள் ஜோடியாக இருக்கும். ஒற்றைத் துடுப்பாக இருந்தால் டெரிடோ வகை, நெற்கதிர்போல் அடுக்கடுக்காக இருந்தால் பாங்கியா. 70 சதவீத ஆல்கஹாலில் போட்டு வை. ஃபார்மலினில் போடாதே, அமிலமாகித் தட்டைக் கரைத்துவிடும்.

மருந்தேற்றிய மரமா என்று கேட்டிருந்தாய். கிரியோசோட் என்ற தார் எண்ணெய் நன்றாக ஏறிய தூண் டெரிடோவுக்குத் தாக்குப்பிடிக்கும். ஆனால் நட்ட பிறகு போல்ட்டுக்குத் துளை போட்டாலோ, தலையை அறுத்தாலோ, மருந்தேறாத உள்மரம் வெளியே வந்துவிடும். குஞ்சுக்கு அந்த ஒரு இடம் போதும். அறுப்பு, துளை எல்லாம் மருந்தேற்றும் முன்பே முடிய வேண்டும். ஆர்செனிக் கலந்த மருந்து ஐரோப்பியக் கடல்நீரில் இப்போது கூடாது.

படகுத்துறைத் தூண் என்றால் தடித்த பிளாஸ்டிக் உறை சுற்றுவது நல்ல வழி. உள்ளே சிக்கிய தண்ணீரில் ஆக்சிஜன் தீர்ந்து ஏற்கெனவே இருப்பதும் சாகும். நினைவிருக்கட்டும், ஆறு வாரம் தாங்கும் பிராணி, நடுவில் உறையைப் பிரித்துப் பார்க்கும் ஆசை வேண்டாம். உறை மேலே நீர்மட்டத்தைத் தாண்டியும், கீழே மணலுக்குள் அரை மீட்டராவது போக வேண்டும். மணல் இறங்கி ஒரு சாண் மரம் வெளியே தெரிந்தால் அங்கே புகுந்துவிடும். உன் கரையரிப்புத் தடுப்பு வரிசையோ தூணோடு தூணாக நெருக்கி நட்டது, புயலுக்குப் புயல் மணல்மட்டம் ஏறி இறங்குவது. அங்கே உறை வீண்செலவு என்பது என் அபிப்பிராயம். அசோபே போன்ற வெப்பமண்டலக் கடின மரம் அதிக நாள் தாங்கும், முழு விலக்கு கிடையாது. கல் போட அனுமதி கிடைக்குமானால் கல்லே போடச் சொல். பைன் மரத்தையே திரும்ப நடுவதாக இருந்தால், பிடுங்கிய பழைய தூண்களைக் கரையோரத்தில் தண்ணீரிலேயே போட்டுவைக்க விடாதே. அவை அடுத்த கோடைக்கு விதைநெல்.

தட்டுகள் ஒரு பத்து ஜோடியாவது அனுப்பு. சீசாவின் மூடியை மெழுகால் அடைத்து அனுப்பு.

அன்புடன்,
இளங்கோ