ஜிம் ரொபின்சனுக்குப் பிறகு

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. உடல் தேறி மறுபடியும் நடக்கத் தொடங்கிவிட்டாய் என்று வாசித்தபோது மனம் ஆறியது. படுக்கையில் இருந்த நாட்களில் பார்த்த பழைய அமெரிக்கத் தொடர்களில் செல்வந்தராக வரும் ஒருவரின் முகம் எங்கோ பழகியதுபோல் இருந்ததாக எழுதியிருந்தாய். அவர் வேறு யாருமல்லர், நம்முடைய ‘நெய்பர்ஸ்’ என்ற அவுஸ்திரேலியத் தொலைக்காட்சித் தொடரில் ஜிம் ரொபின்சனாக நடித்த அலன் டேல்தான். நான் மெல்பேர்ணில் பார்த்த காட்சிகள் ஏறத்தாழ ஒன்றரை ஆண்டு கழித்தே லண்டனில் உன்னை வந்தடையும். கதையை முன்கூட்டிச் சொல்லிவிடாதே என்று நீ அப்போது எழுதிய வரிகள் இன்னமும் என்னிடம் இருக்கின்றன.

அவுஸ்திரேலிய நடிகர் என்றே அவரை அறிந்திருந்தாலும், அவர் 1947இல் நியூசிலாந்தின் டனீடினில் பிறந்தவர். பால் விநியோகித்துக்கொண்டிருந்த நாட்களில், உள்ளூர் வானொலி அறிவிப்பாளர் ஒருவர் ஒலிபரப்பின் நடுவிலேயே வேலையை விட்டு விலகியதை அறிந்து, நேரே நிலையத்துக்குச் சென்று அந்த இடத்தைக் கேட்டுப் பெற்றாராம். வாழ்க்கையில் பின்னால் அவர் செய்த எல்லாவற்றுக்கும் அந்தத் துணிவே விதையாக இருந்தது என்று நான் நினைக்கிறேன். 1979இல் அவுஸ்திரேலியாவுக்கு வந்தார். 1985இல் ‘நெய்பர்ஸ்’ தொடங்கியபோதே ஜிம் ரொபின்சனாக அதில் இணைந்து, எட்டு ஆண்டுகள் நடித்தார். 1993இல் ஊதியம் தொடர்பான மனக்கசப்போடு அவர் விலக, கதையில் ஜிம் மாரடைப்பால் இறந்துபோனார்.

அதற்குப் பிந்திய ஆண்டுகளை எண்ணித்தான் எனக்கு இன்றும் மனம் கனக்கிறது. நாட்டில் யாரைக் கேட்டாலும் அடையாளம் சொல்லக்கூடிய முகம் அவருடையது. அந்த முகமே தடையாகிவிட்டது. எந்த வேடம் போட்டாலும் ஜிம் ரொபின்சனே தெரிவார் என்று அஞ்சியவர்கள் அவருக்கு வாய்ப்புக் கொடுக்கத் தயங்கினார்கள். பாடகி கைலி மினோகும் நடிகர் கை பியர்ஸும் அதே தொடரிலிருந்து உலகுக்குப் புறப்பட்டவர்கள்தாம், ஆனால் அவர்கள் அப்போது இளையவர்கள். இவரோ ஐம்பதைக் கடந்த பிறகு, 2000ஆம் ஆண்டளவில், தம்மை யாரும் அறியாத லொஸ் ஏஞ்சலிஸில் குடும்பத்தோடு போய் இறங்கி, சிறு வேடங்களிலிருந்து மறுபடி தொடங்கினார். அங்கே அவரை யாருக்கும் தெரியாது என்பதே அவருக்குக் கிடைத்த பெரிய விடுதலை.

‘24’ தொடரில் அமெரிக்கத் துணை ஜனாதிபதி, ‘தி ஓ.சி.’யில் கட்டடத் தொழிலதிபர் கேலப் நிக்கல், ‘அக்லி பெட்டி’யில் பத்திரிகை முதலாளி பிராட்போர்ட் மீட், ‘லொஸ்ட்’டில் சார்ல்ஸ் விட்மோர் என்று, அதிகாரம் படைத்த தந்தையர்களாகவே பெரும்பாலும் வந்தார். ஜிம்மைப் போலவே கேலபும் பிராட்போர்டும் மாரடைப்பால்தான் இறந்தார்கள் என்பதைக் கவனித்தாயா? ஆனால் ஜிம்மிடம் இருந்த கனிவு இவர்களிடம் இல்லை. அந்தக் கனிவை அவர் எவ்வளவு முழுமையாகக் கழற்றி வைத்தார் என்பதில்தான் அவருடைய திறமை எனக்குப் புலப்பட்டது. 2008இல் உன் ஊர் மேடையிலேயே ‘ஸ்பமலொட்’ இசைநாடகத்தில் ஆர்தர் மன்னராக நின்றார். அந்நாளில் உன்னிடம் சொல்லத் தவறியதற்கு வருந்துகிறேன்.

2017இல், எழுபது வயதில், புதிய ‘டைனஸ்டி’ தொடரில் செல்வக் குடும்பமொன்றின் மாளிகையைப் பார்த்துக்கொள்ளும் அண்டர்ஸாக வந்தார். இத்தனை முதலாளிகளுக்குப் பிறகு பணியாளராக! அதை நீ அவசியம் பார்க்க வேண்டும். அமெரிக்கராகவும் ஆங்கிலேயராகவும் பேசிப் பழகிய அந்தக் குரலில் பழைய டனீடின் எங்கேனும் எட்டிப்பார்க்கிறதா என்று கவனித்து எனக்கு எழுது. உன் காது என் காதைவிடக் கூர்மையானது.

வீட்டில் எல்லோரும் நலம். மருந்தைத் தவறாமல் எடுத்துக்கொள்.

என்றும் அன்புடன்,
உன் பழைய நண்பன்