நம் கதை உலகத்தின் நாள்காட்டி: எழுதுபவர்கள் கவனத்துக்கு

நண்பர்களே, வணக்கம். ஞாயிறன்று வேலூர் கோட்டை மைதானத்தில் பேசி முடிவு செய்த நாள்காட்டி இதுதான். இனி எழுதும் அத்தியாயங்களில் இதையே பின்பற்றுங்கள்.

ஆண்டுக்கு 363 நாள். சின்ன நிலவுக்கு 20 நாளுக்கு ஒரு பௌர்ணமி, பெரிய நிலவுக்கு 30 நாளுக்கு ஒன்று. 60 நாளுக்கு ஒருமுறை இரண்டும் சேர்ந்து நிறையும். இப்படி ஆறு சுற்று போனபிறகும் ஆண்டில் மூன்று நாள் மிஞ்சும். அதனால் இரட்டைப் பௌர்ணமி வருஷா வருஷம் மூன்று நாள் முன்னால் நகரும். 20 ஆண்டு கழித்துத்தான் மறுபடி வருஷப் பிறப்பன்றே வரும். கதையின் பெரிய திருவிழா அன்றைக்குத்தான். தயவுசெய்து நடுவில் யாரும் வைக்காதீர்கள். நம் பூமியிலும் பன்னிரண்டு சந்திர மாதம் சேர்ந்தால் சுமார் 354 நாள்தான், சூரிய ஆண்டுக்கு 11 நாள் குறைவு. அதைச் சரிக்கட்டத்தான் பஞ்சாங்கத்தில் ‘அதிக மாதம்’ என்று ஒரு கூடுதல் மாதம் வருகிறது.

பொழுதுக்கு நம் நாழிகையே போதும்: நாளுக்கு 60, ஒன்று 24 நிமிஷம். அரண்மனையில் அடியில் ஊசித் துளையிட்ட செம்புக் கிண்ணம் தண்ணீரில் மிதக்கும். நிரம்பி மூழ்கியதும் காவலாள் மணி அடிப்பான். ஆற்றங்கரை ஊர்களுக்கு அது ஒத்துவராது. நம் பாலாறு மாதிரி அங்கே பெரும்பாலும் மணல்தான், அதனால் மணல் குடுவை. ‘பத்து நிமிஷத்தில் வந்தான்’ என்று எழுதியவர்கள் வெள்ளிக்குள் மாற்றி அனுப்புங்கள். அப்புறம், மாதப் பெயர்கள் இன்னும் முடிவாகவில்லை. யோசனை இருந்தால் இங்கேயே போடுங்கள்.