குடிநீர் ஃபுளோரைடு கணக்கெடுப்பு: ஊர் நலச் சங்கத்தின் 2024–25 ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும், ஊர்ப் பெரியோர்களுக்கும், தாய்மார்களுக்கும், இளைஞர்களுக்கும் வணக்கம். செயலாளர் என்ற முறையில் சென்ற ஆண்டு வேலைகளை உங்கள் முன் வைக்கிறேன்.

மாதக் கூட்டங்கள் ஒழுங்காக நடந்தன; அறுப்பு நேரத்தில் மட்டும் ஆள் சேரவில்லை. பொங்கல் விளையாட்டு, பள்ளிக்கூடத்துக்கு மரக்கன்று, தெருவிளக்கு மனு எல்லாம் வழக்கம்போல. விவரம் மினிட் நோட்டில் இருக்கிறது, வேண்டியவர்கள் பார்த்துக்கொள்ளலாம். ஆண்டின் பெரும்பகுதி, குடிநீரில் கரைந்து வந்து பல்லையும் எலும்பையும் கெடுக்கும் ஃபுளோரைடு உப்பின் கணக்கெடுப்பிலேயே போனதால் அதைத்தான் விரிவாகச் சொல்லப்போகிறேன்.

தருமபுரி மாவட்டத்துக்காரர்களிடம் பல் கறையைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. நம் காலடியில் இருக்கும் பாறையிலேயே ஃபுளோரைடு இருக்கிறது. ஆழ்போர்த் தண்ணீர் அதோடு நெடுநாள் கிடந்து கரைத்துக்கொண்டு மேலே வருகிறது. ஆலைக் கழிவு எதுவும் இதற்குக் காரணமில்லை. ஃபுளோரைடால் வரும் இந்த நோயை 1937லேயே அன்றைய சென்னை மாகாணத்து நெல்லூர் மாவட்டத்தில் கண்டறிந்து எழுதிவிட்டார்கள். நமக்குக் காவிரித் தண்ணீர் தரும் ஓகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் பயன்பாட்டுக்கு வந்தது 2013இல்.

காவிரித் தண்ணீர்தான் வந்துவிட்டதே, அப்புறம் எதற்குக் கணக்கெடுப்பு என்று போன பொதுக்குழுவில் சிலர் கேட்டார்கள். நியாயமான கேள்வி. ஆனால் காவிரித் தண்ணீர் குறையும் நாளில் அதே மேல்நிலைத் தொட்டியில்தான் போர் மோட்டாரையும் போட்டு நிரப்புகிறோம். தண்ணீர் நன்றாக வந்த நாளில் ஒரு பாட்டில் பிடித்து அனுப்பினால் ‘சரியாக இருக்கிறது’ என்றுதான் ரிசல்ட் வரும். அதனால் கிட் வைத்துப் பரிசோதிக்கப் பயிற்சி எடுத்த நம் ஊர்ப் பெண்கள், கலப்பு ஓடும் நாளிலும் ஓடாத நாளிலும் தெருக்குழாயிலேயே தண்ணீர் பிடித்துப் பார்த்தார்கள். மருந்துச் சொட்டு விட்டதும் வரும் இளஞ்சிவப்பு, மஞ்சள் பக்கம் சாய்ந்தால் ஃபுளோரைடு கூடுதல் என்று கணக்கு. ஒரே குழாய், ஒரு வாரத்தில் இரண்டு நிறமும் காட்டியது.

அடுத்தது, யார் உடம்புக்குள் எவ்வளவு போகிறது என்பது. நம் நாட்டுத் தரப்படி லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை ஏற்கலாம். வேறு வழியே இல்லை என்றால் 1.5 வரை. ஆனால் வெயில் ஊரில் ஆட்கள் குடிக்கும் அளவே வேறு. உலக சுகாதார நிறுவனமும் அந்தந்த ஊரில் எவ்வளவு குடிக்கிறார்கள் என்பதைப் பார்த்துத்தான் எல்லை வைக்கச் சொல்கிறது. கணக்கு எளிதுதான்: தண்ணீரில் உள்ள அளவைக் குடிக்கும் லிட்டரால் பெருக்கி, உடல் எடையால் வகுக்க வேண்டும். லிட்டருக்கு 2 மில்லிகிராம் உள்ள தண்ணீரை 15 கிலோ எடையுள்ள குழந்தை ஒரு நாளில் ஒரு லிட்டர் குடித்தால், கிலோவுக்கு 0.13 மில்லிகிராம் வருகிறது. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை பாதுகாப்பானது என்று வைத்திருக்கும் அளவு ஒரு நாளைக்குக் கிலோவுக்கு 0.06 மில்லிகிராம். அதாவது இரு மடங்குக்கும் மேல். அதே தண்ணீரைக் காட்டு வேலைக்குப் போகும் 60 கிலோ ஆள் 5 லிட்டர் குடித்தால் 0.17; குழந்தையையும் தாண்டிவிடுகிறார். இதை நம்மில் பலர் எதிர்பார்க்கவில்லை.

வீடு வீடாகக் கேட்டபோது இன்னொன்றும் தெரிந்தது. “நாங்க கேன் தண்ணிதான் குடிக்கிறோம்” என்பார்கள். களி கிண்டுவது எந்தத் தண்ணீரில் என்று கேட்டால், “அது போர்தான், அதுக்கெல்லாம் கேன் கட்டுபடியாகுமா?” களியும் சோறும் இழுத்துக்கொள்ளும் தண்ணீர் முழுக்க வயிற்றுக்குத்தான் போகிறது. டீத்தூளிலும் ஃபுளோரைடு உண்டு. கொதிக்கவைத்தால் போய்விடும் என்று நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். கொதித்து வற்றினால் தண்ணீர்தான் குறையும், ஃபுளோரைடு அப்படியே நின்று செறிவு கூடும்.

பல்லில் கறை விழுவது பல் உருவாகும் வயதில், சுமார் எட்டு வயதுக்குள். விழுந்த கறை பிறகு தண்ணீரை மாற்றினாலும் போகாது. எலும்பு பாதிப்போ பல ஆண்டுகள் சேர்ந்து வருவது. மூட்டு இறுகும், முதுகு வளையாது. வாதம் என்று தைலம் தடவிக்கொண்டு இருந்துவிடுகிறார்கள். எல்லா மூட்டு வலியும் ஃபுளோரைடால் வருவதல்ல என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். சிறுநீரில் ஃபுளோரைடு பார்த்தால் உடம்புக்குள் போனது ஓரளவு தெரியும். அதற்கு மாதிரி எடுக்க வருமாறு ஒரு அலுவலகத்துக்கு எழுதினோம். மனு ‘பரிசீலனையில்’ இருக்கிறது. பதில் வரும் வரை கேட்டுக்கொண்டே இருப்போம்.

செயலில் முடிந்தவை: அங்கன்வாடியிலும் சத்துணவுக் கூடத்திலும் சமையலுக்கும் குடிக்கவும் காவிரித் தண்ணீர் மட்டும் என்று ஊராட்சியில் ஒப்புக்கொள்ள வைத்தோம். அதற்காகச் சின்டெக்ஸ் தொட்டி ஒன்று தனியாக வைக்கப்பட்டது. போர்த் தண்ணீர் கலக்கும் நாளில் டேங்க் ஆபரேட்டர் அண்ணன் சிவப்புப் பலகை மாட்டிவிடுகிறார். முதலில் ‘இதெல்லாம் என் வேலையா’ என்றார். இப்போது பலகை இல்லாத நாளில் பிள்ளைகளே அவரிடம் போய்க் கேட்கிறார்கள்.

வரும் ஆண்டில் காட்டு வேலைக்குப் போகிறவர்களுக்கு வயலிடத்திலேயே காவிரித் தண்ணீர் கிடைக்க வழி பார்க்க வேண்டும். வீட்டிலிருந்து குடத்தில் கொண்டுபோகச் சொல்வது நடக்காத காரியம். கிட் மருந்து தீரும் நிலையில் இருக்கிறது. புதிது வாங்கச் சந்தாவிலிருந்து ஒதுக்கும் தீர்மானத்தைச் சபை நிறைவேற்றித் தர வேண்டும். வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். சந்தா பாக்கி வைத்திருப்பவர்கள் பட்டியலும் அவர் கையில்தான் இருக்கிறது.