தோட்டச் சங்கச் செயலாளரின் ஆண்டறிக்கை

உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

மாதக் கூட்டங்கள் வழக்கம்போல் நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். இந்த ஆண்டு நம்மிடம் அதிக வேலை வாங்கியது ஒரே செடி: பொதுத் தோட்டத்தின் வேலியோரம் முழுக்கப் படர்ந்துவிட்ட வெடேலியா.

மஞ்சள் பூ, வாடாத பச்சை, பராமரிப்பே வேண்டாம் என்று ஆசைப்பட்டு வைத்ததுதான். மத்திய அமெரிக்கா, கரீபியன் பகுதிகளைச் சேர்ந்த இச்செடி, உலகின் மிக மோசமான 100 அயல் ஊடுருவல் உயிரினங்கள் என 2000இல் வெளியான பட்டியலில் இருக்கிறது. பெரும்பாலும் தண்டு மூலமே பரவும். மண்ணைத் தொடும் கணுவெல்லாம் வேர் விடும். புல்வெட்டும் இயந்திரத்தை அதன்மேல் ஓட்ட வேண்டாம் என்று செயற்குழு தடுத்தது அதனால்தான். சிதறும் ஒவ்வொரு துண்டும் புதுச் செடியாகிவிடும்.

மழை பெய்து மண் இளகியிருந்தபோது, ஓரத்திலிருந்து பாயைச் சுருட்டுவதுபோல் கொடியைச் சுருட்டி, வேரைக் கிளறி எடுத்தோம். எடுத்ததை உரக்குழியில் போடாமல் கறுப்புப் பைகளில் கட்டி, முற்றிலும் காயும்வரை வெயிலில் வைத்தோம். நிழல் பகுதியில் அட்டைகளை இடைவெளியின்றி ஒன்றன்மேல் ஒன்று ஏறும்படி விரித்து, மேலே சருகைத் தடிமனாகப் பரப்பினோம். வெயில் பகுதியில் மண்ணை நனைத்து, கோடையில் 4 முதல் 6 வாரம் பாலித்தீன் தாளால் இறுக்கி மூடினோம். கறுப்புத் தாள் போதாதா என்று சிலர் கேட்டார்கள். கறுப்பு வெளிச்சத்தை மறைக்கும், சரி. ஆனால் மிச்சமிருக்கும் வேர்கள் சாகும்படி மண்ணைச் சூடாக்க, நாங்கள் போட்டதுபோல் ஒளி ஊடுருவும் தாள்தான் நல்லது.

களைக்கொல்லி பற்றிப் பேச்சு எழுந்தது. பக்கத்துச் செடிகள்மேல் தெறிக்கும் என்பதால் ஒத்திவைத்தோம்.

பிடுங்கிய நாளில் நல்ல கூட்டம். அப்புறம் முளைத்து வந்த துளிர்களைத் தேடிப் பிடுங்க வந்தவர்கள் எப்போதும் அதே நாலைந்து பேர்தான். உண்மையான வேலை அதுதான் என்பதால், வரும் ஆண்டு முறைவைத்துப் பெயர் எழுதப் போகிறோம். வெறும் மண்ணாக விட்டால் களை மறுபடி ஏறும். அங்கே ஓடிப் படராத, தூராக வளரும் செடிகளை நடவிருக்கிறோம்.

இதற்கிடையே செடிப் பரிமாற்ற மேசையில் வெடேலியா துண்டுகள் மறுபடி வந்திருந்தன! கூடவே, அதேபோல் கணுவில் வேர்விடும் ட்ரடெஸ்காண்டியாவும். இவ்விரண்டையும் இனிப் பரிமாற்றத்துக்குக் கொண்டுவரக் கூடாது, ஏற்கெனவே வளர்ப்பவர்கள் தரை தொடாத தொங்குதொட்டியில் மட்டும் வைக்க வேண்டும் என்ற தீர்மானத்தைச் செயற்குழு முன்வைக்கிறது. உறுப்பினர்கள் விவாதித்து வாக்களிக்கக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்