பேரைப் பிழையில்லாமல் எழுதச் சொன்னவர்களுக்கு

அன்புள்ள உங்கள் எல்லோருக்கும்,

போன வாரம் மஞ்சக்குப்பத்தில் நடந்த என் பணி நிறைவு விழாவில் மைக்கைக் கையில் வாங்கியதும் தொண்டை அடைத்துக்கொண்டது. சரி, சொல்ல வேண்டியதை எழுதியே விடுகிறேன்.

ஈழப் போரைப் பற்றி வருடக்கணக்கில் எழுதியவன் நான். போர்முனையைப் பார்த்ததே இல்லை. 2008 செப்டம்பரில் ஐ.நா. உதவிப் பணியாளர்களே வன்னியை விட்டு வெளியேற வேண்டி வந்தது. வெளிச் செய்தியாளர்களுக்கு வழியே இல்லை. எனக்கு இருந்தவை குறிஞ்சிப்பாடி பக்கம் அம்பலவாணன்பேட்டை முகாமும், காலாப்பட்டு தாண்டி கீழ்ப்புத்துப்பட்டு முகாமும்தான். 2021-லிருந்து மறுவாழ்வு முகாம் என்கிறார்கள். அப்போது அகதி முகாம். அங்கே இருந்தவர்களுக்குத்தான் முதல் நன்றி.

2009 ஏப்ரலில் ஒரு சாயங்காலம். கிளிநொச்சி அம்மா ஒருவர் ரேஷன் அரிசியை முறத்தில் பரப்பிக் கல் பொறுக்கிக்கொண்டே, வவுனியாவிலிருந்து போனில் வந்த பெயர்களைச் சொன்னார். செத்துப்போனவர்கள் ஏழு பேர். ஏழாவது பெயரில் கை நின்றுவிட்டது. அவருடைய தம்பி மகன். "எழுதேக்க பேரைப் பிழை விடாதேங்கோ தம்பி. தேப்பன்ர பேரையும் போடுங்கோ" என்றார். எழுதியதை வாசிக்கச் சொன்னார், அப்புறம் நோட்டை வாங்கிப் பார்த்தார். ஓரிடத்தில் 'ள' வர வேண்டியதற்கு 'ல' போட்டிருந்தேன். நான் திருத்தும்வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு மறுபடி முறத்தைக் கையில் எடுத்தார்.

அப்போது நான் வேலை பார்த்த பத்திரிகையில் அதை '7 பேர் பலி' என்று நாலு வரியாகச் சுருக்கிவிட்டார்கள். அந்தக் கோபம் எனக்கு இன்றும் தீரவில்லை. இரவுப் பணியில் இருந்த பிழை திருத்தும் அண்ணன்தான், மாவட்டப் பக்கத்தில் ஒரு விளம்பரம் நின்றுபோன இடத்தில் ஏழு பெயர்களையும் தகப்பன் பெயரோடு சேர்த்தார். மறுநாள் திட்டு வாங்கியதும் அவர்தான். அண்ணே, அன்றைக்குச் சொல்லாத நன்றியை இப்போது வாங்கிக்கொள்ளுங்கள்.

முகாமுக்குள் விடாத நாட்களில் ஆள் அனுப்பிக் கூட்டிவந்து, பேச இடமும் கொடுத்த டீக்கடை அண்ணாச்சிக்கு நன்றி. வீடு திரும்பியும் பேசாமல் கிடந்த ராத்திரிகளில் எதுவும் கேட்காமல் பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மனைவிக்கும்.

நேரில் பார்க்காத ஒருவருக்கும் கடன்பட்டிருக்கிறேன். யாழ்ப்பாணத்துச் செய்தியாளர் மயில்வாகனம் நிமலராஜன். 2000 அக்டோபர் 19 இரவு, ஊரடங்கு நேரத்தில், சொந்த வீட்டிலேயே கொல்லப்பட்டார். என் வேலையும் அவர் வேலையும் ஒன்றுதான்; அவர் அதை யாழ்ப்பாணத்தில் இருந்தே செய்தார். முகாம்களில் எனக்குக் கதவு திறந்ததே, அவரைப் போன்றவர்கள் செய்தியாளன் என்ற சொல்லுக்கு வாங்கித் தந்த மரியாதையால்தான்.

என்னிடம் பதினொரு நோட்டுகள் இருக்கின்றன. திருப்பாதிரிப்புலியூர் வீட்டில் சாயங்காலங்களில் இருப்பேன். உங்கள் வீட்டுப் பெயர் இருக்கிறதா என்று வந்து பாருங்கள். பிழை இருந்தால் சொல்லுங்கள், உங்கள் முன்னாலேயே திருத்துகிறேன்.

நன்றியுடன்,
உங்கள் கடலூர் செய்தியாளன்