ஃபாஸ்லேன் கப்பல்களைப் பற்றிச் செல்விக்கு

கிளாஸ்கோ
நவம்பர் 2025

அன்புள்ள செல்விக்கு,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. கதிர் கடற்படைக்குத் தேர்வாகிவிட்டான் என்ற இடம் வந்ததும் இவரைக் கூப்பிட்டு உரக்க வாசித்துக் காட்டினேன். அவனுக்கு எங்கள் இருவரின் ஆசியையும் சொல். பயிற்சி முடிந்ததும் நீர்மூழ்கிப் பிரிவுக்குப் போக அவனுக்கு ஆசை, உனக்கோ அதில் பாதி மனசுதான் என்று எழுதியிருந்தாய். கூடவே என்னிடமும் ஒரு கேள்வி: "உங்கள் ஊர்ப் பக்கத்திலேயே அணு ஆயுத நீர்மூழ்கிகள் நிற்கின்றன, நீ அவற்றை எதிர்க்கிறவள். உக்ரைனுக்கு நடந்ததைப் பார்த்த பிறகும் உன் எண்ணம் மாறவில்லையா?" போனில் இரண்டு வரியில் சொல்லிவிட முடியாது என்பதால்தான் எழுத உட்கார்ந்தேன்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். கிளாஸ்கோவிலிருந்து வடமேற்கே ஏறக்குறைய 40 கிலோமீட்டரில் ஃபாஸ்லேன் கடற்படைத் தளம். மலைகளுக்கு நடுவே கடல் நீளமாக உள்ளே புகுந்து நிற்கும் கேர்லாக் என்ற இடம் அது. மலைக்கு அந்தப் பக்கம், லாக் லாங் கரையில், கூல்போர்ட். குண்டுகளை அங்கே சேமித்து, அங்கேயே கப்பலில் ஏற்றுவார்கள். குண்டுகளைச் செய்வது இங்கிலாந்தின் தெற்கே ஆல்டர்மாஸ்டனிலும் பர்க்ஃபீல்டிலும். அங்கிருந்து நெடுஞ்சாலை வழியாகவே லாரி அணிவகுப்பில் ஸ்காட்லாந்து வரை கொண்டுவருகிறார்கள். நாம் காரில் போகிற அதே சாலைதான். பெரும்பாலானவர்களுக்கு அது கடந்து போனதே தெரியாது.

நான்கு கப்பல்கள்: வேன்கார்ட், விக்டோரியஸ், விஜிலன்ட், வென்ஜன்ஸ். ஒவ்வொன்றிலும் 16 ஏவுகணைக் குழாய்கள். 1969 ஏப்ரலிலிருந்து இன்றுவரை, முதலில் போலாரிஸ் ஏவுகணைகளுடனும் பிறகு டிரைடென்ட் ஏவுகணைகளுடனும், ஏதாவது ஒரு பிரிட்டிஷ் நீர்மூழ்கி எப்போதும் கடலுக்கடியில் இருந்துகொண்டே இருக்கிறது. ஒரு நாள் கூட இடைவெளி விட்டதில்லை என்பது கடற்படையின் பெருமை. ஒரு கப்பலில் அதிகபட்சம் 40 குண்டுகள் என்று 2010-இல் அரசு சொன்னது. 2021-இல் மொத்தக் கையிருப்பின் உச்சவரம்பை 260-ஆக உயர்த்தினார்கள். அத்தோடு, கடலில் இருக்கும் கப்பலில் எத்தனை என்று இனிமேல் சொல்ல மாட்டோம் என்றும் அறிவித்துவிட்டார்கள். ஹிரோஷிமாவில் போட்ட குண்டின் வெடிதிறன் ஏறக்குறைய 15 கிலோடன். இவற்றில் ஒவ்வொன்றும் 100 கிலோடன் அளவு.

கதிருக்காக இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். எங்கள் ஆஸ்பத்திரி வார்டில் ஒரு பெரியவர் இருந்தார், போலாரிஸ் காலத்தில் நீர்மூழ்கியில் வேலை பார்த்தவர். தூக்கம் வராத இரவுகளில் பேசுவார். கப்பல் இருக்கும் இடம் தெரிந்துவிடக் கூடாது என்பதால் உள்ளே இருப்பவர்கள் வீட்டுக்கு ஒரு சொல் கூட அனுப்ப முடியாதாம். வீட்டிலிருந்து மட்டும் வாரம் ஒருமுறை சில வரிகள் வரும், அதையும் அதிகாரிகள் படித்துவிட்டுத்தான் கொடுப்பார்கள். இப்போது அதற்கு 120 சொற்கள் வரை அனுமதி. அவர் காலத்தில் அதைவிடக் குறைவு. புறப்படும் முன்பே ஒரு விஷயத்தை முடிவு செய்து சொல்லிவிட வேண்டும்: வீட்டில் யாராவது இறந்தால் உடனே சொல்லலாமா, கரைக்கு வந்த பிறகு சொல்ல வேண்டுமா? அவர் 'கரைக்கு வந்த பிறகு' என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அந்தப் பயணத்தில்தான் அவருடைய அப்பா காலமானார். திரும்பி வந்து இறங்கும்போது அடக்கம் முடிந்து பல வாரங்கள் ஆகியிருந்தன. எந்த வருத்தமும் இல்லாத குரலில் அதைச் சொன்னார், தன் கடமையில் பெருமையும் இருந்தது. அவரைப் போன்றவர்களை நான் ஒரு நாளும் குறைத்துப் பேச மாட்டேன்.

கரையிலிருந்து போகும் செய்திக்கு மிகத் தாழ்ந்த அலைவரிசை வானொலி வேண்டும். அதுதான் கடல்நீருக்குள் சில மீட்டராவது இறங்கும். இங்கே அந்த வேலையைச் செய்வது கம்ப்ரியாவில் ஸ்கெல்டன் என்ற இடத்துக் கோபுரம். உனக்கு இது புதிதாக இருக்காது. நாங்குநேரிப் பக்கம் விஜயநாராயணத்தில் நிற்கும் ஐ.என்.எஸ். கட்டபொம்மன் கோபுரங்களுக்கும் இதே வேலைதான். கதிர் நம் நாட்டு அணு நீர்மூழ்கியான அரிஹந்த் வகைக் கப்பலில் போய்ச் சேர்ந்தால், அவனுக்கு உத்தரவு உங்கள் மாவட்டத்திலிருந்துதான் போகும்.

அப்புறம் அந்தக் கடிதங்கள். பிரிட்டனில் புதிதாகப் பிரதமராகும் ஒவ்வொருவரும் பதவியேற்றதும் தன் கையாலேயே ஒரு கடிதம் எழுத வேண்டும், நான்கு கப்பல்களுக்கும் ஒவ்வொரு பிரதி. எதிரியின் தாக்குதலில் நாடே அழிந்து, பிரதமரும் அவருக்குப் பதிலாக முடிவெடுக்க வேண்டியவரும் இறந்துவிட்டால், கப்பல் தலைவன் என்ன செய்ய வேண்டும் என்ற உத்தரவு அதில் இருக்கும். திருப்பி அடி, அடிக்காதே, நீயே முடிவு செய், நட்பு நாட்டுத் தலைமையின் கீழ் போய்ச் சேர் என்று ஏதாவது ஒன்று. பெட்டகத்துக்குள் பெட்டகமாக அதைப் பூட்டி வைப்பார்கள். பிரதமர் மாறும்போது பழைய கடிதத்தைப் பிரிக்காமலே அழித்துவிடுவார்கள். முன்னாள் பிரதமர் ஜேம்ஸ் காலஹன் மட்டும் பதவியை விட்ட பிறகு ஒரு பேட்டியில் மனம் திறந்தார்: தேவை வந்திருந்தால் செய்திருப்பேன், ஆனால் அதன் பிறகும் நான் உயிரோடு இருந்திருந்தால் என்னை ஒருபோதும் மன்னித்திருக்க மாட்டேன் என்று. எனக்கு அந்தப் பதில் பிடித்திருந்தது. அந்த உத்தரவின் முழு எடையையும் அவர் உணர்ந்திருந்தார்.

2016 ஜூலை 18 அன்று நாடாளுமன்றத்தில் நடந்தது வேறு மாதிரி. தெரசா மே பிரதமராகி ஐந்தே நாள். புதிய நான்கு கப்பல்கள் கட்டலாமா என்ற விவாதம். ஸ்காட்லாந்து உறுப்பினர் ஜார்ஜ் கெரவன் எழுந்து, ஒரு லட்சம் அப்பாவி ஆண்களையும் பெண்களையும் குழந்தைகளையும் கொல்லக்கூடிய தாக்குதலுக்கு நீங்கள் உத்தரவிடத் தயாரா என்று கேட்டார். அவர் தயங்காமல் "ஆம்" என்றார். அப்படிச் சொல்லாவிட்டால் எதிரி பயப்பட மாட்டான் என்பது தர்க்கம். எனக்கு அது புரிகிறது, செல்வி. ஆனாலும் அன்று டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்தபோது வயிறு கலங்கியது. வாக்கெடுப்பில் ஆதரவு 472, எதிர்ப்பு 117. ஸ்காட்லாந்தின் 59 உறுப்பினர்களில் 58 பேர் எதிர்த்தார்கள். கப்பல் நிற்பதோ எங்கள் ஊர்த் தண்ணீரில்.

என்னை அதைவிட வருத்துவது, புதிய கப்பல்கள் வேண்டுமா என்ற கேள்வி நாடாளுமன்றத்துக்கு வந்து சேரும் விதம். 2007 மார்ச்சில் பிளேர் அரசு முதலில் வாக்கெடுப்பு வைத்தது. இப்போது வெறும் வடிவமைப்புதான், கட்டுவதைப் பிறகு பேசிக்கொள்ளலாம் என்றார்கள். 2016-இல் பேச வந்தபோது, வடிவமைப்புக்கே இவ்வளவு செலவாகிவிட்டது, பாரோ நகரத்துக் கப்பல் கட்டும் தளத்தில் ஆட்கள் காத்திருக்கிறார்கள், பழைய கப்பல்களுக்கு ஆயுள் முடிகிறது, இனித் தாமதிக்க முடியாது என்றார்கள். முதலில் கேட்டால் சீக்கிரம், பிறகு கேட்டால் தாமதம். வேண்டாம் என்று சொல்லக்கூடிய ஒரு நாள் அந்த நாட்காட்டியில் எங்கேயுமே இல்லை. இது யாருக்கு எதிராக, எந்தச் சூழலில் பயன்படும் என்ற கேள்வி இந்த அவசரத்தில் எப்போதும் பின்னுக்குப் போய்விடுகிறது. 2009-லேயே பீல்டு மார்ஷல் பிராமல், ஜெனரல்கள் ராம்ஸ்பாதம், ஹ்யூ பீச் என்ற மூன்று ஓய்வுபெற்ற தளபதிகள், நம்மை உண்மையில் எதிர்நோக்கும் ஆபத்துகளுக்கு இந்த ஆயுதம் உதவாது என்று டைம்ஸ் பத்திரிகைக்கு எழுதினார்கள். நாங்கள் சொன்னால் அப்பாவித்தனம் என்பார்கள், அவர்களை அப்படிச் சொல்ல முடியவில்லை. ஆனாலும் ஒன்றும் மாறவில்லை.

பாரோ மக்களின் பக்கம் எனக்குப் புரியாமல் இல்லை. ஊரே அந்தத் தளத்தை நம்பி இருக்கிறது, இங்கே ஃபாஸ்லேனை நம்பி இருக்கும் பக்கத்து ஊர் ஹெலன்ஸ்பரோவும் அப்படித்தான். மாற்று வேலை என்ன என்று கேட்டால் எங்கள் பக்கம் யாரும் உருப்படியான பதில் வைத்திருக்கவில்லை. அது எங்கள் இயக்கத்தின் பெரிய பலவீனம் என்று கூட்டங்களிலேயே சொல்லிவிட்டேன்.

புதிய கப்பல்களுக்கு ட்ரெட்நாட் வகை என்று பெயர். மதிப்பீடு 3,100 கோடி பவுண்டு, அதற்கு மேல் எதிர்பாராச் செலவுக்கு 1,000 கோடி. குண்டுகளுக்கென்று தனியாக 1,500 கோடி பவுண்டு இந்த ஆண்டு அறிவித்தார்கள். முதல் கப்பல் 2030-களின் தொடக்கத்தில் வரும் என்கிறார்கள். அதுவரை பழையவை ஓட வேண்டும். 25 ஆண்டுக்கென்று வடிவமைத்தவை அவை. வேன்கார்டை 2015 கடைசியில் பழுதுபார்க்க உள்ளே விட்டார்கள், வெளியே வந்தது 2023-இல். ஒன்று வெளியே வராவிட்டால் மற்றவைதான் அந்த வேலையையும் சேர்த்துச் சுமக்க வேண்டும். முன்பு மூன்று மாதமாக இருந்த பயணம் இப்போது ஐந்து மாதத்தையும் தாண்டிப் போகிறது. ஒரு நாள் கூட இடைவெளி விடவில்லை என்ற அந்தப் பெருமைக்கு, சூரியனைப் பார்க்காத இளம் பிள்ளைகள்தான் விலை கொடுக்கிறார்கள். 2016 ஜூனில் சோதித்த ஏவுகணை திசைமாறியது. அதை மறைத்தே 2016 ஜூலை வாக்கெடுப்பை நடத்தினார்கள், செய்தி வெளியானது 2017 ஜனவரியில். 2024 ஜனவரியில் மறுபடி சோதித்தது, பாதுகாப்பு அமைச்சர் கப்பலில் இருக்கும்போதே, பக்கத்திலேயே கடலில் விழுந்தது.

எடின்பரோவுக்கு எதிர்க்கரையில் ரோசைத் என்று ஒரு துறைமுகம் இருக்கிறது. போலாரிஸ் சுமந்த நான்கு கப்பல்களும் இன்னும் அங்கேதான் நிற்கின்றன. கடைசியாக ஓய்வுபெற்றது 1996-இல். அணு உலைப் பகுதியை என்ன செய்வது என்பதே இன்னும் தீரவில்லை. 1980 முதல் ஓய்வு கொடுத்த 20 அணுசக்தி நீர்மூழ்கிகளில் ஒன்றைக்கூட முழுதாகப் பிரித்து முடிக்கவில்லை என்று தேசிய தணிக்கை அலுவலகம் 2019-இல் எழுதியது. இப்போதுதான் ஒரு கப்பலை வெட்டிப் பிரிக்கத் தொடங்கியிருக்கிறார்கள். தாத்தா காலத்துக் கப்பலின் உடல் துறையில் கிடக்க, பேரன் காலத்துக்குப் புதிதாக நான்கு. இதைச் சொல்லாமல் புதுப்பித்தலைப் பற்றிப் பேசுவது எனக்கு நேர்மையாகப் படவில்லை.

சரி, உக்ரைன். சோவியத் உடைந்தபோது தன் மண்ணில் இருந்த குண்டுகளை, உன் எல்லையை மதிப்போம் என்ற 1994 புடாபெஸ்ட் உறுதிமொழியை நம்பி ஒப்படைத்த நாடு. அதில் பிரிட்டனும் கையெழுத்துப் போட்டது. அந்த வாக்குறுதி காற்றில் போனதைப் பார்த்தவன், இனி எவன் குண்டைக் கைவிடுவான் என்று நீ கேட்கிறாய். கனமான கேள்விதான், இங்கேயும் பல நண்பர்கள் அதனால்தான் எங்களை விட்டுப் போனார்கள். ஆனால் 1982-இல் பிரிட்டனிடம் போலாரிஸ் இருந்தது, அர்ஜென்டினா பயப்படாமல் பிரிட்டன் வசமிருந்த பாக்லாந்து தீவுகளைப் பிடித்தது. இவ்வளவு பெரிய ஆயுதத்தை ஒரு சின்னச் சண்டைக்கு எடுக்க மாட்டார்கள் என்று எல்லோருக்கும் தெரியும். பெரிய சண்டைக்கு எடுத்தால் காப்பாற்ற ஒன்றும் மிஞ்சாது. இன்னொன்று: டிரைடென்ட் ஏவுகணைகள் பிரிட்டன் தயாரிப்பவை அல்ல. அமெரிக்காவில் ஜார்ஜியா மாநிலத்து கிங்ஸ் பே தளத்தின் பொதுக் கையிருப்பிலிருந்து எடுத்துக்கொள்பவை. ஏவுவதற்கு அமெரிக்காவின் அனுமதி தேவையில்லை, உண்மைதான். ஆனால் அந்த ஏவுகணைகளுக்கு அமெரிக்கா செய்யும் பராமரிப்பு நின்றால் நீண்ட காலம் தாங்காது. அமெரிக்காவை நம்ப முடியாத காலம் வருகிறது, அதனால் டிரைடென்ட் வேண்டும் என்று வாதிடுகிறவர்கள் இதற்கு என்ன சொல்கிறார்கள் என்று நான் தேடிக்கொண்டே இருக்கிறேன்.

என் முடிவைக் கேட்டால்: ஒரு கப்பல் எப்போதும் கடலில் இருந்தே ஆக வேண்டும் என்ற விதியை முதலில் கைவிட வேண்டும். அதைக் கைவிட்டால் நான்கு வேண்டியதில்லை, பிள்ளைகளை ஐந்து மாதம் அடைத்து வைக்கவும் வேண்டியதில்லை. அணு ஆயுதப் பரவல் தடை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட நாடு, அதன் ஆறாவது பிரிவில் ஆயுதக் குறைப்புக்கு நேர்மையாகப் பேச ஒப்புக்கொண்ட நாடு, உச்சவரம்பை உயர்த்துவது எனக்கு வெறும் வாக்கு மீறலாகத்தான் தெரிகிறது.

நீ ஊர்வலத்தைப் பற்றியும் கேட்டிருந்தாய். 1982 முதல் ஃபாஸ்லேன் வாசலில் அமைதி முகாம் இருக்கிறது. எனக்கு மிகவும் பிடித்தது 1999 கதை. ஆங்கி செல்ட்டர், எல்லன் மாக்ஸ்லி, உல்லா ரோடர் என்ற மூன்று பெண்கள் லாக் கோய்ல் என்ற கடல் நுழைவில் இருந்த மிதக்கும் ஆய்வுக்கூடத்துக்குள் போய், அங்கிருந்த கம்ப்யூட்டர்களைத் தண்ணீரில் தள்ளினார்கள். கிரீனாக் நீதிமன்றத்தில் நீதிபதி மார்கரெட் கிம்ப்ளெட் அவர்களை விடுதலை செய்யச் சொன்னார். மேல் நீதிமன்றம் பிறகு அந்தச் சட்ட விளக்கத்தை ஏற்கவில்லை, ஆனால் விடுதலை விடுதலைதான். மறுபடியும் போவேன், செல்வி. முழங்கால்தான் முன்போல் ஒத்துழைப்பதில்லை.

கதிருக்கு நான் என்ன சொல்வேன்? போகாதே என்று சொல்ல மாட்டேன். அது அவன் வாழ்க்கை, அவன் நாடு. நம் நாடு முதலில் பயன்படுத்த மாட்டோம் என்று அறிவித்திருக்கிறது, பிரிட்டன் அந்த வார்த்தையைக் கூடக் கொடுத்ததில்லை. ஆனால் அவன் ஒன்று செய்ய வேண்டும். தான் சுமக்கப்போவது என்ன என்பதை முழுதாகப் படித்துவிட்டுப் போகட்டும். எங்கள் வார்டுப் பெரியவரிடம், உத்தரவு வந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள் என்று ஒரு நாள் கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் பேச்சை மாற்றிவிட்டார். கதிர் அந்தக் கேள்வியை இருபத்திரண்டு வயதிலேயே தனக்குள் கேட்டுவிட வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். பயிற்சிக்குக் கிளம்பும் முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னைக் கூப்பிடச் சொல். நான் திட்ட மாட்டேன் என்று முன்கூட்டியே சொல்லிவை.

அத்தையின் கண் ஆபரேஷன் எப்போது என்று நீ எழுதவே இல்லை. ஜூலையில் நாங்கள் ஊருக்கு வர டிக்கெட் பார்த்துக்கொண்டிருக்கிறோம், தேதி முடிவானதும் சொல்கிறேன்.

அன்புடன்,
கமலா