‘கார்மென்’ மேடையேறக் காரணமானவர்

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ‘கார்மென்’ ஓபரா (இசை நாடகம்) அரங்கேறி 150 ஆண்டுகள் நிறைவுற்றதையொட்டித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளியான கட்டுரையை விருப்பத்தோடு படித்தேன். இசையமைத்த பிஸேயைப் பற்றி நிறைவாகவே எழுதியிருக்கிறீர்கள். ஆனால், அந்தப் படைப்பைக் கேட்டு வாங்கி மேடையேற்றிய கமீய் டு லோக்ல், அதன் அருமை அறியாத ஒரு நிர்வாகியாக ஒற்றை வரியில் முடிந்துபோனது எனக்கு வருத்தமளித்தது.

தெற்கு பிரான்சின் ஒராஞ்ஜ் நகரில் 1832-இல் பிறந்த டு லோக்ல், பாரிஸ் ஓபராவை நிர்வகித்த எமீல் பெரெனின் செயலராகவும் மருமகனாகவும் இருந்தவர். ஆனால், அவர் முதலில் ஓர் எழுத்தாளர் என்பதை நாம் மறந்துவிடுகிறோம். ஜெர்மன் நாடகாசிரியர் ஷில்லரின் நாடகத்தைத் தழுவி, இத்தாலிய இசையமைப்பாளர் வெர்டிக்காக ‘தோன் கார்லோஸ்’ ஓபராவின் உரையை எழுதிக்கொண்டிருந்த ஜோசப் மெரி 1866-இல் காலமானபோது, எஞ்சிய பொறுப்பு முழுவதையும் தோளில் ஏற்று ஐந்து அங்கங்களையும் முடித்துக் கொடுத்தவர் அவரே. 1867 மார்ச் 11 அன்று அது அரங்கேறுவதற்கு முன், பார்வையாளர்கள் புறநகருக்குச் செல்லும் கடைசி ரயிலைப் பிடிக்க வேண்டும் என்பதற்காகப் பல பகுதிகளை வெட்ட நேர்ந்தது.

வெர்டியின் இன்னொரு ஓபராவான ‘ஐதா’வின் கதையும் டு லோக்ல் வழியாகவே அவர் கைக்குப் போய்ச் சேர்ந்தது. கெய்ரோவுக்காக எழுத மறுத்துவந்த வெர்டிக்கு, எகிப்தியல் அறிஞர் மரியெட் எழுதிய கதைச் சுருக்கத்தை 1870-இல் அனுப்பி அவர் மனத்தை மாற்றியதோடு நில்லாமல், இத்தாலியில் சாந்த் அகாத்தாவிலிருந்த வெர்டியின் வீட்டுக்கே போய்த் தங்கி, அவரோடு கலந்து பேசிக் காட்சி காட்சியாகப் பிரெஞ்சு உரைநடையில் அதை எழுதினார். இத்தாலியக் கவிஞர் கிஸ்லான்சோனி கவிதையாக்கியது அந்த உரைநடையைத்தான். மேலே கோயில், கீழே கல்லறை என்று மேடை இரண்டு அடுக்காகப் பிரியும் இறுதிக் காட்சியை எல்லோரும் வியக்கிறார்கள். அந்த யோசனை வெர்டியுடையது என்று பின்னாளில் எழுதிப் பதிவு செய்தவர் டு லோக்ல். பிறர் உழைப்பைத் தன் கணக்கில் எழுதிக்கொள்ளாத அந்த நேர்மையை நான் பெரிதாக மதிக்கிறேன்.

1870-இல் பாரிஸின் ஓபரா-கோமிக் அரங்கின் பொறுப்பு அடோல்ஃப் த லெவெனோடு சேர்த்து டு லோக்லிடம் வந்தது. புதியவர்களுக்குக் கதவு திறக்க வேண்டும் என்பது அவர் எண்ணம். 1872-இல் மட்டும் பிஸேயின் ‘ஜமீலே’, சான்-சான்சின் ‘மஞ்சள் இளவரசி’, மாசெனேயின் ‘தோன் செசார்’ ஆகியவை அங்கே அரங்கேறின. ‘ஜமீலே’ தோற்றுப்போன பிறகும், மூன்று அங்க ஓபரா ஒன்றை எழுதித் தரும்படி அதே பிஸேயிடம் கேட்டாரே, அந்தத் துணிச்சலை யார் பேசுகிறார்கள்? அப்படிப் பிறந்ததுதான் ‘கார்மென்’.

அந்த அரங்கு எப்படிப்பட்டது என்பதைத் தெரிந்துகொண்டால்தான் இதன் கனம் புரியும். அது குடும்பங்கள் வரும் இடம். திருமணப் பேச்சு நடக்கும் இரு வீட்டாரும் மாப்பிள்ளையையும் பெண்ணையும் சந்திக்கவைப்பதற்கென்றே அங்கே இருக்கைப் பெட்டிகளை வாடகைக்கு எடுப்பார்கள். அப்படிப்பட்ட மேடையில் கதாநாயகி குத்துப்பட்டுச் சாவதா என்று பதறிய லெவென் 1874-இல் விலகிக்கொள்ள, டு லோக்ல் தனியாகச் சுமையை ஏற்றார். புகைத்துக்கொண்டும் சண்டையிட்டுக்கொண்டும் பாட வேண்டியிருந்த குழுப் பாடகிகள், இது எங்களால் ஆகாது என்று முரண்டு பிடித்தார்கள். இந்த இசை டு லோக்லுக்கே பிடிபடவில்லை என்பதும், இருக்கை கேட்ட அமைச்சர் ஒருவரிடம் குடும்பத்தை அழைத்து வருமுன் ஒத்திகையைப் பார்த்துவிடச் சொன்னார் என்பதும் உண்மையே. அதை நான் மறைக்க விரும்பவில்லை. என்றாலும், தமக்கே அச்சமூட்டிய ஒன்றை நிறுத்திவிடும் அதிகாரம் கையில் இருந்தும் அவர் நிறுத்தவில்லை. 1875 மார்ச் 3 அன்று திரை உயர்ந்தது. அந்த ஆண்டு ஜூன் 3 அன்று பிஸே 36 வயதில் இறந்தார். பிறகு வியன்னாவில் ‘கார்மென்’ பெற்ற வெற்றியைக் காண அவர் இல்லை. நிதி நெருக்கடியில் சிக்கிய டு லோக்லும் 1876-இல் பதவியை இழந்தார்.

பணத் தகராறில் வெர்டியோடு இருந்த நட்பும் முறிந்தது. ஆயினும் ‘தோன் கார்லோஸ்’ ஓபராவைச் சுருக்கித் திருத்த வெர்டி முனைந்தபோது, இருவரும் நேரில் பேசிக்கொள்ளாமல், பாரிஸ் ஓபராவின் ஆவணக் காப்பாளர் சார்ல் நுயித்தேரை இடையில் வைத்துக் கடிதங்கள் மூலமாகவே அப்பணியை முடித்தார்கள். 1884 ஜனவரியில் மிலானின் லா ஸ்காலா அரங்கில் அந்த நான்கு அங்க வடிவம் மேடையேறியது. பிரெஞ்சு இசையமைப்பாளர் ரெயேரின் ‘சிகூர்து’, ‘சலாம்போ’ ஆகிய ஓபராக்களுக்கும் உரை எழுதிய டு லோக்ல், 1903-இல் காப்ரி தீவில் காலமானார்.

இனி ‘ஐதா’வையோ ‘தோன் கார்லோஸ்’ ஓபராவையோ பற்றித் தங்கள் இணைப்பில் எழுத நேரும்போது, இசையமைப்பாளரின் பெயருக்குப் பக்கத்தில் இவர் பெயரையும் அச்சிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
திருச்சிராப்பள்ளி.